மன்னார்குடியில் பிறந்த ஆச்சி
(வட்டத்தின் பத்தாம் ஆண்டு விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



இவ்விழாவில் பேச வேண்டும் என்று செயலாளர் பணித்தபோது, மன்னார்குடிக்கு அருகிலுள்ள தேவங்குடியில் பிறந்த தி. ஜானகிராமனைப் பற்றி நான் பேசக்கூடும் என்று அவர் எண்ணியிருப்பார். நான் எடுத்துக்கொண்டதும் மன்னார்குடியில் பிறந்த ஒருவரைத்தான். அவர் ஒரு வரிகூட எழுதி வெளியிட்டவர் அல்லர். பிறர் எழுதிக் கொடுத்ததைப் பேசியவர். 1937ஆம் ஆண்டு மே 26ஆம் நாள் கோபிசாந்தா என்ற பெயருடன் பிறந்து, 2015ஆம் ஆண்டு அக்டோபர் 10ஆம் நாள் சென்னையில் ஆச்சி மனோரமாவாக மறைந்தவர்.

இலக்கிய மேடையில் ஒரு நகைச்சுவை நடிகைக்கு என்ன வேலை என்று சிலர் நினைக்கலாம். நம் அகப்பாடல்களைத் திறந்து பாருங்கள். அங்கே தலைவி மட்டுமா பேசுகிறாள்? தோழி பேசுகிறாள், செவிலி பேசுகிறாள், வழியில் கண்டோர்கூடப் பேசுகிறார்கள். தலைவியின் நெஞ்சில் உள்ளதை அவளைக் காட்டிலும் கூர்மையாகச் சொல்பவள் பல இடங்களில் தோழிதான். தலைவனை இடித்துரைக்கும் உரிமையும் அவளுக்கே உண்டு. குணச்சித்திர நடிகை என்று நாம் அழைக்கிறோமே, அவள் இந்தத் தோழியும் செவிலியும் கண்டோரும் சேர்ந்த வடிவம். கதை அவளுடையது அன்று. ஆனால் கதையை நம்பும்படி செய்வது அவள் குரல். ஆகவே கூற்று என்பதன் இலக்கணம் அறிந்த இந்த அவைக்கு மனோரமா அயலார் அல்லர் என்பது என் துணிபு.

அவர் வாழ்க்கைச் செய்திகளை விரைந்து சொல்லிவிடுகிறேன். தந்தை மறுமணம் செய்துகொண்டதால், தாய் இராமாமிர்தம் கைக்குழந்தையோடு மன்னார்குடியை விட்டு வெளியேறினார். காரைக்குடிப் பக்கம் பள்ளத்தூரில் குடியேறி, வீட்டு வேலை செய்து மகளை வளர்த்தார். தாயின் உடல்நலம் கெட்டபோது பதினோரு வயதில் மகளின் பள்ளிப் படிப்பு நின்றது. மகளும் வீட்டு வேலைக்குப் போனாள். அவ்வூருக்கு வந்த நாடகக் குழு ஒன்று 'அந்தமான் காதலி' நாடகத்தில் சிறு வேடத்திற்குப் பாடவும் நடிக்கவும் தெரிந்த ஒரு பெண்ணைத் தேடியது. பன்னிரண்டு வயதில் அந்த இடத்தை நிரப்பியவர்தான் பின்னர்ப் 'பள்ளத்தூர் பாப்பா' என்று பெயர் பெற்றார். 'மனோரமா' என்பது நாடகக்காரர்கள் சூட்டிய பெயர். வைரம் நாடக சபா, அதன்பின் எஸ்.எஸ். இராஜேந்திரனின் நாடகக் குழு, கலைஞர் மு. கருணாநிதி எழுதிய 'மணிமகுடம்' என்று மேடை வாழ்க்கை வளர்ந்தது. 1958இல் கவிஞர் கண்ணதாசன் தயாரித்த 'மாலையிட்ட மங்கை'யில் நகைச்சுவை வேடம் கிடைத்தது. 1963இல் மாடர்ன் தியேட்டர்ஸின் 'கொஞ்சும் குமரி'யில் கதாநாயகி. அதோடு கதாநாயகிக் கணக்கு ஏறத்தாழ முடிந்தது. பிறகு ஐம்பது ஆண்டுகள் தோழியாகவும் தாயாகவும் வேலைக்காரியாகவும் மாமியாராகவும் நடித்து, ஆயிரம் படங்களைக் கடந்தவர் என்று கின்னஸ் நூலில் பதிவானார். 2002இல் பத்மஸ்ரீ. பின்னாளில் தொலைக்காட்சித் தொடர்களும் சேர்ந்துகொண்டன.

அவரைச் சினிமாவுக்குக் கொண்டுவந்தவர் ஒரு கவிஞர் என்பதைக் கவிஞர்கள் நிறைந்த இந்த அவை கவனிக்க வேண்டும். நகைச்சுவை செய்யத் தம்மால் முடியும் என்ற நம்பிக்கை தமக்கு இருந்ததைவிடக் கண்ணதாசனுக்கு மிகுதியாக இருந்தது என்பதை மனோரமாவே நன்றியோடு நினைவுகூர்ந்திருக்கிறார்.

ஆச்சி என்ற பட்டத்தைப் பற்றி ஒரு சொல். அது செட்டிநாட்டு வழக்கு. நகரத்தார் இல்லங்களில் மதிப்புக்குரிய பெண்மணியை அழைக்கும் சொல். பள்ளத்தூர்ப் பேச்சு நாவில் படிந்ததால் அப்பெயர் அவரிடம் ஒட்டிக்கொண்டது. எந்த வீடுகளில் அவர் தாய் பாத்திரம் துலக்கினாரோ, அந்த வீட்டுத் தலைவியருக்குரிய விளிப்பெயர் மகளுக்கு வந்து சேர்ந்தது. தஞ்சைத் தரணி ஈன்ற மகளை வேறொரு நாட்டின் சொல்லால் அழைக்கிறோம். நாம் போகவிட்டோம், அவர்கள் வளர்த்தார்கள். பெயர் வைக்கும் உரிமை அவர்களுக்குத்தானே.

இந்த மண்ணுக்குக் கலைச்செருக்கு உண்டு. திருவையாறும் திருவாவடுதுறையும் மெலட்டூரும் இருக்கும் மண்ணில் அச்செருக்கு நியாயமானதுதான். ஆயினும் இங்கே கலைகளுக்குள்ளும் வரப்பு கட்டி வைத்திருந்தோம். சங்கீதத்திற்கு ஒரு மேடை, நாகசுரத்திற்குக் கோயில் வாசல், சதிருக்கு ஒரு காலத்தில் அரண்மனை. கூத்துக்காரிக்குத் தை அறுவடை முடிந்த வயலின் ஓரத்துக் கொட்டகை. கும்பகோணம் பாலாமணி அம்மாள் பெண்களை மட்டுமே கொண்டு நாடகக் குழு நடத்தினார். அவர் நாடகம் பார்ப்பதற்கென்றே தனி ரயில்கள் விட்டார்கள் என்று நாடக வரலாறு எழுதியவர்கள் குறித்திருக்கிறார்கள். நூறாண்டுக்கு முற்பட்ட அந்தப் பெண்மணியின் பெயரை இன்று கும்பகோணத்துக் கடைத்தெருவில் சொல்லிப் பாருங்கள், எத்தனை பேருக்குத் தெரிகிறது என்று. ஸ்பெஷல் நாடகங்களில் பபூனோடு எதிர்ப்பாட்டுப் பாடி ஆடிய பெண்களின் நிலை இன்னும் கீழ். இரவு முழுவதும் கைதட்டியவர்களே விடிந்தபின் அவர்களைப் பார்த்து முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

இந்த வரப்பு வழக்கைத்தான் 1968இல் வெளியான 'தில்லானா மோகனாம்பாள்' நம் கண்முன் வைத்தது. ஆனந்த விகடனில் கொத்தமங்கலம் சுப்பு எழுதிய தொடர்கதையை ஏ.பி. நாகராஜன் படமாக்கினார். சிக்கல் சண்முகசுந்தரத்தின் நாகசுரம் ஒருபுறம், திருவாரூர் மோகனாம்பாளின் ஆட்டம் ஒருபுறம். இரண்டும் மதிப்புள்ள கலைகள், ஒன்றோடொன்று மோதிக்கொள்ளும் தகுதி உடையவை. இவற்றின் நடுவே மூன்றாவதாக ஒருத்தி வருகிறாள். கொட்டகைக் கலைக்காரி, ஜில் ஜில் ரமாமணி. மோதலில் அவளுக்கு இடமில்லை. கேட்டு வியப்பதற்குத்தான் இடம். காவிரிக் கரைக் கலைகளைப் பற்றிய அந்தப் பெருங்கதையில், இந்த மண்ணிலேயே பிறந்த மனோரமாவுக்குக் கிடைத்தது அந்த மூன்றாம் பாத்திரம்.

அதை அவர் என்ன செய்தார் என்பதுதான் வியப்பு. மேதையின் வாசிப்பைக் கேட்டபின் அவள் ஒரு கேள்வி கேட்கிறாள். இந்த ஒலி உங்கள் நாயனத்தில் மட்டும்தான் வருமா, எல்லா நாயனத்திலும் வருமா என்பது அதன் கருத்து. திரையரங்கம் சிரித்தது, இன்றும் சிரிக்கிறது. தொல்காப்பியர் எட்டு மெய்ப்பாடுகளுள் நகையை முதலில் வைத்து, அது எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்ற நான்கிலிருந்து பிறக்கும் என்றார். ரமாமணியின் கேள்வியில் பிறப்பது பேதைமையின் நகை. ஆனால் ஒரு கணம் நின்று யோசியுங்கள். கலை கருவியில் இருக்கிறதா, கலைஞனிடம் இருக்கிறதா என்ற கேள்வி அல்லவா அது? இதைவிட நேராக எந்த விமரிசகர் கேட்டுவிட்டார்? மனோரமா அதைக் கேட்கும் முகத்தில் கேலி துளியும் இல்லை; ராகம் போட்டு இழுக்கும் அந்தப் பேச்சுக்குள் ஓர் எளிய கலைக்காரி மற்றொரு கலைஞனுக்குச் செலுத்தும் காணிக்கை இருக்கிறது. 'நாகசுரமா, நாதசுரமா' என்று நம் புலவர்கள் வழக்காடிக்கொண்டிருக்க, நம் வயற்காட்டு வழக்கான 'நாயனம்' என்ற சொல்லைத் தமிழ்நாடெங்கும் வாயாரச் சொல்ல வைத்தவள் அந்த ரமாமணிதான் என்பதையும் சேர்த்துச் சொல்கிறேன்.

சிவாஜி கணேசன், பத்மினி, பாலையா, நாகேஷ், சி.கே. சரஸ்வதி என்று பெரும் நடிகர்கள் நிறைந்த படம் அது. மனோரமா திரையில் தோன்றும் நேரம் குறைவு. அப்படியிருந்தும் அந்தப் பெயர் படத்தின் பெயருக்கு நிகராக நிலைத்துவிட்டது.

அவர் செவியைப் பற்றிச் சொல்ல வேண்டும். நடிப்பு முகத்தில் இருக்கிறது என்பார்கள். மனோரமாவின் நடிப்பு செவியில் தொடங்குகிறது. 1967இல் கே. பாலசந்தரின் 'அனுபவி ராஜா அனுபவி'யில் நாகேஷோடு சேர்ந்து தூத்துக்குடிக் கடற்கரைப் பேச்சு. அடுத்த ஆண்டே 'பொம்மலாட்டம்' படத்தில் சென்னைக் குப்பத்துப் பேச்சில் தம் சொந்தக் குரலில் பாடிய பாட்டு, வி. குமார் இசையில் அது ஊரெங்கும் ஒலித்தது. 1992இல் 'சின்னக் கவுண்டர்' படத்தில் கொங்குநாட்டுத் தாய். இடையிடையே செட்டிநாடு, மதுரை, பிராமண வீட்டு வழக்கு. இவற்றை அவர் எங்கே கற்றார்? கல்லூரியில் அன்று. ஊர் ஊராக முகாமிட்ட நாடகக் குழுவில், கொட்டகைக்கு வெளியே இட்லி விற்றவளிடமும் தண்ணீர் சுமந்தவளிடமும் கேட்டுத்தான் இருக்க வேண்டும். இன்னொரு பக்கம், திராவிட இயக்க நாடகங்களின் அடுக்குமொழி வசனத்தைப் பிசிறின்றிப் பேசிய பயிற்சியும் அவருக்கு இருந்தது. அடுக்குமொழி மூச்சைக் கற்றுத்தந்தது. தெருப்பேச்சு தாளத்தைக் கற்றுத்தந்தது. செய்யுள் எழுதுகிறவர்களுக்கு இவ்விரண்டையும் நான் விளக்க வேண்டியதில்லை.

வட்டார வழக்கைத் திரையில் பேசியவர்கள் பலர். பெரும்பாலோர் அதை ஒட்டுமீசை போல வைத்துக்கொண்டார்கள்; சிரிப்பு முடிந்ததும் உரிந்துவிடும். மனோரமாவிடம் வழக்கு என்பது ஒருத்தியின் வயது, தொழில், அவள் யாருக்கு அஞ்சுகிறாள், யாரை அடக்குகிறாள் என்பதையெல்லாம் உள்ளடக்கியது. 1986இல் விசு இயக்கிய 'சம்சாரம் அது மின்சாரம்' படத்தின் கண்ணம்மாவை எடுத்துக்கொள்ளுங்கள். அவள் வீட்டு வேலைக்காரி. குடும்பமே பேச அஞ்சி நிற்கும் ஒரு சம்பந்தியை, ஒரே தொடரைத் திரும்பத் திரும்பச் சொல்லி வாயடைத்துவிடுகிறாள். இது தொல்காப்பியர் முதலில் வைத்த எள்ளல் நகை. அக்காட்சியைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குப் பள்ளத்தூர் நினைவுக்கு வரும். பிறர் வீட்டில் வேலை செய்த சிறுமி, பதில் சொல்ல முடியாமல் விழுங்கிய சொற்கள் எத்தனையோ. முப்பத்தைந்து ஆண்டுகளுக்கும் மேல் கழித்து அவை ஒரு வேலைக்காரியின் வாயில் வந்து விழுகின்றன என்று நான் எண்ணிக்கொள்கிறேன். இது என் கற்பனை; ஆயினும் காட்சியின் சூடு இந்தக் கற்பனைக்கு இடந்தருகிறது.

நகைக்கு அடுத்தபடி தொல்காப்பியர் வைத்தது அழுகை. மனோரமாவும் அவ்வரிசையிலேயே சென்றார். 1989இல் பார்த்திபனின் முதல் இயக்கமான 'புதிய பாதை'யில் நடித்ததற்காகச் சிறந்த துணை நடிகைக்கான தேசிய விருது கிடைத்தது. 1991இல் 'சின்னத்தம்பி'யில் கைம்பெண் தாய். 1993இல் 'ஜென்டில்மேன்' படத்தில் மகனின் படிப்புக்காகத் தன்னையே மாய்த்துக்கொள்ளும் தாய். தோன்றுவது சில நிமிடங்கள், கதை முழுவதும் அந்தச் சாவின்மேல்தான் நிற்கிறது. 1996இல் 'இந்தியன்' படத்தில் அரசு அலுவலகப் படிக்கட்டில் கையேந்தாமல் உரிமை கேட்டு அலையும் ஏழைப்பெண். பெரிய வண்டிக்குச் சிறிய கடையாணி என்பது இதுதான்.

புகழ்ந்துகொண்டே போனால் அது உரையாகாது. அவர் நடித்த ஆயிரத்துக்கு மேற்பட்ட படங்களில் பல, பார்க்கப் பொறுமை வேண்டுபவை. கூச்சல், முதிர்கன்னி வேடத்தைக் கேலி செய்யும் அலுத்துப்போன காட்சிகள், கணவனைத் துடைப்பத்தால் அடிக்கும் நகைச்சுவை, உடற்பருமனைச் சிரிப்புக்கு விற்கும் வசனம் எல்லாம் உண்டு. காலையில் ஒரு படம், மாலையில் ஒரு படம் என்று ஓடியவர் எதைத் தேர்ந்தெடுக்க முடியும் என்று கேட்கலாம். கேள்வி நியாயமே. ஆனால் குற்றத்தில் பெரும்பங்கு எழுதியவர்களுடையது என்று நான் கருதுகிறேன். அந்தச் செவியும் அந்த நாவும் கைக்கெட்டும் தூரத்தில் இருந்தபோது, எழுதியவர்கள் அவரை ஊறுகாயாகத் தொட்டுக்கொண்டார்கள். இலைநிறையச் சோறு யாரும் போடவில்லை.

இதை வேறு நாட்டில் எப்படிச் செய்தார்கள் என்று ஒப்பிட்டுப் பார்ப்பது பயன்தரும். இங்கிலாந்தில் தோரா ஹெர்ட் என்று ஒரு நடிகை இருந்தார். 1911இல், இதே மே மாதத்தில், 28ஆம் நாள், லங்காஷயர் கடற்கரையிலுள்ள மோர்கம் என்ற சிற்றூரில் பிறந்தவர். தந்தை நாடகக் கொட்டகை மேலாளர். கைக்குழந்தையாக இருந்தபோதே மேடைக்குத் தூக்கிச் செல்லப்பட்டவர். இளமையில் ஒரு கூட்டுறவுக் கடையில் பணிசெய்தபோது, வந்துபோகும் பெண்களின் பேச்சையும் நடையையும் மனத்தில் சேர்த்துவைத்து, அவற்றையே பிற்காலத்தில் பாத்திரங்களாக்கினார். அவரும் கதாநாயகி அல்லர். வட இங்கிலாந்துத் தாய், மாமியார், வாயாடி அண்டைவீட்டுக்காரி, இவையே அவருக்கு வாய்த்த வேடங்கள். திரைப்படத்திலும் தொலைக்காட்சியிலும் அவர் குரல் ஒலிக்காத பத்தாண்டு இல்லை. 2003இல் மறைந்தார்.

இதுவரை இருவர் கதையும் ஒன்றே. பிரியும் இடம் 1988. அந்த ஆண்டு ஆலன் பென்னெட் என்ற நாடக ஆசிரியர் பி.பி.சி. தொலைக்காட்சிக்காகச் சில தனிமொழிகள் எழுதினார். ஒவ்வொன்றிலும் ஒரே ஒருவர்தான் நம்மைப் பார்த்துப் பேசுகிறார். அவற்றுள் ஒன்று தோரா ஹெர்டுக்குக் கிடைத்தது. எழுபத்தைந்து வயதுக் கிழவி தனியாக இருக்கும் வீட்டில் விழுந்துவிடுகிறாள், எழ முடியவில்லை. நகர்ந்து நகர்ந்து, பேசிக்கொண்டே இருக்கிறாள். இறந்த கணவனைப் பற்றி, தங்காமல் போன குழந்தையைப் பற்றி, சரியாகப் பெருக்காத வேலைக்காரியைப் பற்றி. காவலர் ஒருவர் வந்து நலமா என்று கேட்கும்போது, முதியோர் இல்லத்திற்கு அனுப்பிவிடுவார்களோ என்று அஞ்சி, நலம் என்று சொல்லி அனுப்பிவிடுகிறாள். இருட்டுகிறது. அவ்வளவுதான் கதை. சுமார் அரைமணி நேரம் ஒரு கிழவியின் பேச்சை ஒரு நாடே அமர்ந்து கேட்டது. அந்த நடிகைக்கு அந்நாட்டின் உயரிய தொலைக்காட்சி விருதான பாஃப்டா கிடைத்தது. எழுபது வயதைக் கடந்த துணை நடிகைக்கு, அவர் பிறந்த வட்டாரப் பேச்சிலேயே, மையத்தில் நாற்காலி போட்டார் ஓர் எழுத்தாளர்.

நம் ஆச்சிக்கு எழுபது வயதானபோது நாம் என்ன போட்டோம்? 2006இல் 'இம்சை அரசன் 23ஆம் புலிகேசி'யில் ராஜமாதா, 2010இல் 'சிங்கம்' படத்தில் ஒரு வேடம், பாராட்டு விழாக்கள், பொன்னாடைகள். பொன்னாடை போர்த்துவதில் நம்மை மிஞ்ச உலகில் ஆள் இல்லை. ஐந்து முதலமைச்சர்களோடு நடித்தவர் என்ற செய்தியை ஒவ்வொரு விழாவிலும் சொன்னோம். அண்ணாவோடும் கலைஞரோடும் மேடையில், எம்.ஜி.ஆர், என்.டி. ராமராவ், ஜெயலலிதா ஆகியோரோடு திரையில். உண்மைதான், பெருமைதான். ஆனால் அது அவர் அருகில் நின்றவர்களைப் பற்றிய செய்தி. அவர் தாமே நடுவில் அமர்ந்து, தாம் பிறந்த மண்ணின் பேச்சில் அரைமணி நேரம் பேசும்படி ஒரு பிரதியை இந்தப் பக்கத்துக் கவிஞர்களோ கதைக்காரர்களோ அவர் கையில் கொடுத்திருந்தால்? தூத்துக்குடியும் குப்பமும் கொங்கும் செட்டிநாடும் அவர் நாவில் வாழ்கின்றன. தஞ்சைப் பேச்சுக்குச் சொந்தக்காரியாகப் பிறந்தவரிடம் நாம் தஞ்சைப் பேச்சைக் கேட்டு வாங்கவில்லை. ஜானகிராமனின் பக்கங்களில் இந்த மண்ணின் பெண்கள் எப்படிப் பேசுகிறார்கள் என்று தெரிந்தவர்களுக்கு, இழந்தது எது என்பது தெரியும்.

இனி மனோரமாவுக்கு எழுத முடியாது. ஆனால் பேசக்கூடியவர்கள் இன்னும் இருக்கிறார்கள். குறுவைக்குத் தண்ணீர் வருமா என்று மேட்டூர் நீர்மட்டத்தை நாள்தோறும் விசாரிக்கும் நடவுக்காரக் கிழவி இருக்கிறாள். நடவு இயந்திரம் வந்தபின் பாட்டு மறந்துபோன குழுத்தலைவி இருக்கிறாள். நகரத்துப் பிள்ளைகள் அனுப்பும் பணத்தில், காவிரிக் கிளையாற்றின் கரையில் தனித்து வாழும் தாய் தெருவுக்கு ஒருத்தி இருக்கிறாள். ஆகவே செயலாளரிடம் ஒரு கோரிக்கை வைக்கிறேன். பதினோராம் ஆண்டின் முதற் கூட்டத்தில் கவியரங்கம் வேண்டாம். உறுப்பினர் ஒவ்வொருவரும் ஒரு பெண் பேசும் தனிமொழி ஒன்றை, பத்து நிமிடத்திற்குக் குறையாமல், நம் வட்டாரப் பேச்சிலேயே எழுதி வரட்டும். எழுதியவர் படிக்கக்கூடாது, நம் குடும்பங்களிலிருந்து வரும் பெண்கள் படிக்கட்டும். வாய்க்குப் பொருந்தாத வரியை அவர்கள் படிக்கும்போதே நமக்குத் தெரிந்துவிடும்.